மூன்று பங்கு மாவு, இரண்டு பங்கு வெண்ணெய்

அம்மாவின் நோட்டைக் கொடுங்கள் என்று கேட்டேன். நான் கேட்டது அவ்வளவுதான்.

சமையல் குறிப்பு எழுதிய பழைய பள்ளிக்கூட நோட்டு. நீல அட்டை, மூலையில் வெண்ணெய்க் கறை. யார்மிலா அத்தை வீட்டுச் சாப்பாட்டறையில், அலமாரியின் இழுப்பறைக்குள் பதின்மூன்று வருஷமாகப் பூட்டிக் கிடந்தது. "எது வேணும்னாலும் கேளு, ஹெத்வி. அத்தைகிட்ட அதை மட்டும் கேட்டுடாத" என்று சொல்லிச் சொல்லித்தான் அப்பா என்னை வளர்த்தார். ஏன் என்று கேட்டால் சன்னல் பக்கம் திரும்பிக்கொள்வார். கிறிஸ்துமஸுக்கு முந்தின மாலை, நாங்கள் நான்கு பேரும் மேசையில் உட்கார்ந்து, மெழுகுவர்த்தி ஏற்றி, சூப்புக் கரண்டியை அத்தை கையில் எடுத்த பிறகு கேட்டேன். அந்த நேரத்தைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் உண்டு. பிறகு சொல்கிறேன்.

இன்ஸ்பெக்டர் மேடம், நீங்கள் கேள்வி கேட்கலாமா என்றீர்கள். நான் காகிதம் கேட்டேன். எங்கள் குடும்பத்தில் ஒரு விஷயத்தை முதலிலிருந்து முடிவு வரை எழுதத் தெரிந்தவள் நான் ஒருத்திதான். அப்பாவும் அவருடைய அக்காவான யார்மிலா அத்தையும் முப்பது வருஷம் இறைச்சித் தொழிற்சாலையில் நின்றவர்கள். எனக்கும் அங்கேயே ஓர் இடம் சொல்லி வைத்திருந்தாள் அத்தை, என் சம்மதம் கேட்காமல். நான் பிர்னோ நகரத்துக்குப் போய் உணவு வேதியியல் படித்து இன்ஜினியர் பட்டம் வாங்கினேன். பட்டமளிப்புக்கு அவள் வரவில்லை. "மாவு பிசையறதுக்குப் பட்டமா?" என்று ஆள்விட்டுச் சொன்னாள். அன்று முதல் நான் அவளுக்கு இன்ஜினியரம்மா.

இதையெல்லாம் நான் மனதில் வைத்துக்கொண்டிருக்கவில்லை. கேட்டதால் சொல்கிறேன்.

லினெட்ஸ்கே பிஸ்கட் உங்கள் வீட்டிலும் சுடுவார்கள். மூன்று பங்கு மாவு, இரண்டு பங்கு வெண்ணெய், ஒரு பங்கு சர்க்கரை. மெல்லிசாகத் தேய்த்து, அச்சில் வெட்டிச் சுட்டு, இரண்டிரண்டாக ஜாம் வைத்து ஒட்ட வேண்டும். சுட்ட அன்று ஓடு மாதிரி இருக்கும். தகர டப்பாவில் போட்டுக் குளிரறையில் மூன்று வாரம் வைத்தால், ஜாமின் ஈரம் மாவில் ஊறி வாயில் கரையும். எங்கள் வீட்டு ஜாம் தோட்டத்து ரிபீஸ் பழத்தில் செய்வது, மணி மணியாய்ச் சிவந்து நன்றாகப் புளிக்கும். தெருவே அதைப் புகழும். புகழை வாங்கிக்கொள்வது அத்தை. அந்தக் கைப்பக்குவம் என் அம்மா மிலெனாவுடையது. நோட்டு அம்மாவுடையது என்றால் பக்குவம் வேறு யாருடையது?

அம்மா எப்படிப் போனாள் என்பதையும் சொல்லியாக வேண்டும்.

எனக்குப் பதினொரு வயது. அந்தக் கிறிஸ்துமஸ் இரவுச் சாப்பாட்டில் எல்லாம் மேசைமேல் இருந்தது, பிஸ்கட் தட்டு மட்டும் இல்லை. குளிரறையிலேயே நின்றுவிட்டது. சாப்பாடு முடியும் முன் மேசையை விட்டு முதலில் எழுந்தவர் அடுத்த கிறிஸ்துமஸைப் பார்க்கமாட்டார் என்பது உங்களுக்கும் தெரியும். பல வீடுகளில் இப்போது அதைச் சிரித்துக்கொண்டே சொல்கிறார்கள். எங்கள் வீட்டில் சிரிப்பதில்லை. அத்தை "மிலெனா!" என்று கத்தினாள். அம்மா எழுந்து போய் பிஸ்கட்டை எடுத்து வந்தாள். மார்ச்சில் வயிற்று வலி என்று படுத்தாள். அக்டோபரில் அடக்கம் செய்தோம். அதன் பிறகு அப்பாவும் நானும் அத்தை வீட்டு மாடிக்குக் குடிபோனோம். ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும், எல்லோரும் உட்கார்ந்ததும், அத்தை ஒரே வாக்கியத்தைச் சொல்வாள்: "மிலெனா எழுந்தா, போனா. யாரும் அசையாதீங்க."

நாற்காலியை விட்டு எழுந்தால் சாவு வரும் என்று நான் நம்பவில்லை, நான் படித்தவள். ஆனால் அத்தை நம்பினாள். எழுந்தால் சாவு என்று முழுசாக நம்புகிற ஒருத்தி, மேசையில் இருந்த அத்தனை பேரில் என் அம்மாவைத்தான் எழுப்பினாள். இதில் எந்த இடத்தில் என் யோசனை தவறு என்று நீங்கள் காட்டலாம்.

அத்தைக்குச் சர்க்கரை வியாதி, தினமும் இன்சுலின் ஊசி. இதயமும் பலவீனம். அப்படியிருந்தும் அந்த நாள் முழுக்கப் பட்டினி கிடப்பாள். பட்டினி கிடந்தால் பொன் பன்றிக்குட்டி கண்ணில் படும் என்று குழந்தைகளுக்குச் சொல்வோமே, அதை அறுபத்தெட்டு வயதிலும் விடவில்லை. டாக்டர் திட்டினார். அவள் கணவர் ரூடா மாமா கெஞ்சினார். கேட்கமாட்டாள். மாலையில் மேசைக்கு வருவதற்குச் சற்று முன், பெரிய சாப்பாடு என்று சேர்த்தே ஊசி போட்டுக்கொள்வாள். சர்க்கரை இறங்கிக் கை நடுங்கினால் யாரும் எழுந்து ஓட முடியாதல்லவா, அதனால் தட்டுக்குப் பக்கத்தில் நான்கு பிஸ்கட் வைத்துக்கொள்வாள். நட்சத்திர வடிவம், அவளுக்கென்றே தனி டப்பா. இரண்டு தின்றால் பத்து நிமிஷத்தில் முகம் தெளிந்துவிடும். வருஷா வருஷம் பார்த்திருக்கிறேன்.

மூன்று வருஷமாகப் பிஸ்கட் சுடுவது நான்தான். அவளுக்குக் கண் மங்கிவிட்டது. பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்து அளவு சொல்வாள். இந்த முறை, நவம்பர் கடைசி ஞாயிற்றுக்கிழமை, மூன்று என்றாள், மாவு போட்டேன். இரண்டு என்றாள், வெண்ணெய் போட்டேன். ஒன்று என்றபோது, நட்சத்திரத்துக்கான மாவில் மட்டும் என் பையிலிருந்த பொட்டலத்தைக் கொட்டினேன். நான் வேலை பார்க்கும் ஆய்வுக்கூடத்தில் மூட்டையாகக் கிடக்கும் வெள்ளைப் பொடி. சர்க்கரை மாதிரியே இருக்கும், இனிக்கும், உடம்பில் சேராது. ஜாமிலும் அதுதான். மேலே தூவியதும் அதுதான். மாவும் வயிற்றில் சர்க்கரையாக மாறும், ஆனால் இரண்டு பங்கு வெண்ணெயைத் தாண்டி ரத்தத்துக்குப் போக அதற்கு நேரம் பிடிக்கும்.

நான் எதையும் சேர்க்கவில்லை, மேடம். ஒன்றை எடுத்தேன். சர்க்கரை வியாதிக்காரிக்குச் சர்க்கரை இல்லாத பிஸ்கட் சுட்டேன் என்றால் எந்த டாக்டரும் என்னைப் பாராட்டுவார்.

இப்போது மேசைக்கு வருகிறேன்.

"அம்மாவோட நோட்டக் குடுங்க, அத்தை" என்றேன்.

ரூடா மாமா இருமினார். அப்பா தட்டைப் பார்த்தார்.

"இன்னிக்குன்னு பாத்துதான் கேப்பியா? இதுக்குத்தான் பிர்னோவுல பட்டம் குடுத்தாங்களா, இன்ஜினியரம்மா?"

"பட்டம் வேற, நோட்டு வேற. அது எங்கம்மாவோடது."

"உங்கம்மாவோடதுதான்டி. அதனாலதான் உனக்கில்ல." கரண்டியைச் சூப்புப் பானையில் திரும்ப வைத்து மூடியைப் போட்டாள். "மன்னிப்பு கேளு. கேட்டாத்தான் சூப்பு. அதுவரைக்கும் இந்த மேசையில யாரும் ஒரு வாய் வைக்கக் கூடாது."

"யார்மி, மீன் ஆறுது" என்றார் மாமா. "அந்தப் பன்னிக்குட்டியும் எத்தன நேரந்தான் வாசல்ல நிக்கும், பாவம்."

"நீங்க சும்மா இருங்க."

அப்பா முழங்கையால் என்னை இடித்தார். "கேட்டுத் தொலையேன், ஹெத்வி."

நான் கேட்கவில்லை. அவள் இப்படித்தான் மூடியைப் போடுவாள் என்று எனக்குத் தெரியும், அந்த நேரத்தைத் தேர்ந்தெடுத்ததும் அதற்காகத்தான். பதின்மூன்று வருஷம் அவள் கையால் சாப்பிட்டவள் நான். சுவர்க்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். ஊசி போட்டு இருபத்தைந்து நிமிஷம் ஆனபோது அவள் மேலுதட்டில் வேர்வை தெரிந்தது. நட்சத்திரம் ஒன்றை எடுத்துத் தின்றாள். பிறகு இன்னொன்று.

"என்னடி இது, வாயெல்லாம் புதினா தின்ன மாதிரி சில்லுனு இருக்கு?"

"குளிரறையில இருந்தது, அத்தை."

அந்தப் பொடிக்கு அப்படி ஒரு குணம் உண்டு. மிச்சமிருந்த நட்சத்திரத்தை மாமா மூன்றாம் நாள் காபியோடு தின்று, அவர் வாயும் சில்லிட்டு, உங்களிடம் வந்து சொன்னாராம். அவர் சாப்பாட்டை ரசிப்பவர். அதை நான் யோசித்திருக்க வேண்டும்.

பத்து நிமிஷம் ஆயிற்று. முகம் தெளியவில்லை. மூன்றாவதையும் நான்காவதையும் தின்றாள். உருளைக்கிழங்கு சாலட் கைக்கெட்டும் தூரத்தில்தான் இருந்தது. அதைத் தொட்டால் என்னிடம் தோற்றதாகிவிடும், பிஸ்கட் மருந்துக் கணக்கு. மற்றவர்களும் நீட்டவில்லை. நட்சத்திரம் உள்ளே போய்விட்டது, இனிச் சரியாகிவிடும் என்று இருந்தார்கள். அவள் பேச்சு குழறத் தொடங்கியது. மாமாவை ஓல்டா என்றாள். அது அப்பாவின் பெயர்.

"சர்க்கரை டப்பா வேணும்" என்றார் மாமா. நாற்காலிக் கையைப் பிடித்தார். எழவில்லை. சமையலறை பத்தடி தூரம்.

அப்பா என்னைப் பார்த்தார். "நீதான் இதெல்லாம் நம்பாதவளாச்சே. நீ போய் எடுத்துட்டு வாயேன்."

"யாரும் அசையக் கூடாதுன்னு அத்தை சொன்னாங்களே, அப்பா."

இதைக் குரலை உயர்த்தாமல்தான் சொன்னேன். நான் கோபக்காரி என்று அப்பா உங்களிடம் சொல்லியிருப்பார். அன்று எனக்குக் கோபம் வரவே இல்லை.

கடைசியில் முதலில் எழுந்தது அத்தைதான். புத்தி கலங்கியதால் எழுந்தாள் என்பது என் கருத்து. சமையலறைப் பக்கம் போகவில்லை. அலமாரியை நோக்கி மூன்றடி வைத்தாள். ஏப்ரன் பையிலிருந்து சாவியை எடுத்தாள். துவாரத்தில் நுழைக்கப் பார்த்தாள், முடியவில்லை, சரிந்தாள்.

அப்புறம் எல்லோரும் எழுந்தார்கள். மாமா ஆம்புலன்ஸுக்குப் பேசினார். பனியில் நாற்பது நிமிஷம் ஆகும் என்றார்கள். அப்பா சர்க்கரை டப்பாவைக் கொண்டுவந்து கைப்பிடியாக அள்ளி அவள் வாயில் போட்டார். அது உதட்டில் ஒட்டி நின்றது, பிஸ்கட் மேல் தூவியது போல. இதயம் ஏற்கெனவே நின்றிருந்தது.

நான் அவள் விரல்களிலிருந்து சாவியை எடுத்து இழுப்பறையைத் திறந்தேன். நோட்டு மேலாகவே இருந்தது. லினெட்ஸ்கே பக்கத்தின் தலைப்பு: "யார்மிலா சொன்ன அளவு." மூன்று, இரண்டு, ஒன்று. கீழே அம்மா வருஷா வருஷம் குறித்தவை. ஜாம் இளகிவிட்டது, மாவு பத்தவில்லை, இப்படி. கடைசிக் குறிப்பு இது:

"நவம்பர்ல டாக்டர் சொல்லிட்டார், இன்னும் ஒரு வருஷம்னு. யார்மிலாவுக்கு மட்டும் தெரியும். ஹெத்வி படிக்கக் கூடாதுன்னு இந்த நோட்ட அவகிட்ட குடுக்கப் போறேன், சத்தியமும் வாங்கியாச்சு. எப்படியும் போறவ நான். இந்த வருஷம் நானே எழுந்துட்டா மத்தவங்களுக்கு ஒண்ணும் வராது. பிஸ்கட்ட வேணும்னேதான் உள்ள வச்சுட்டு வந்தேன். யார்மிலா பாவம், உட்காருடின்னு கத்தப் பாத்தா. என் பேரத் தாண்டி வார்த்தை வரல."

நோயாளிகள் எதையாவது எழுதுவார்கள். கை நடுங்கியிருந்தது எழுத்திலேயே தெரிந்தது. ஒரு குறிப்பை மட்டும் வைத்து எந்த முடிவுக்கும் வர முடியாது, அறிவியல் படித்தவளாகச் சொல்கிறேன். அந்தப் பக்கத்தைக் கிழித்து அடுப்பில் போட்டேன். அளவு எனக்கு மனப்பாடம். மற்றபடி நோட்டு முழுசாக இருக்கிறது, உங்கள் மேசைமேல்.

கோட்டை மாட்டினேன். அப்பா தரையில் அவள் தலையை மடியில் வைத்துக்கொண்டிருந்தார்.

"எங்கடி போற?"

"பஸ்ஸுக்கு."

"இன்னிக்குப் பஸ் ஏது?"

மேசையில் ஐந்தாவதாக ஒரு தட்டு இருந்தது, வழிதவறி வருகிற விருந்தாளிக்கென்று எல்லா வீட்டிலும் வைப்பதுதான். அதை நேராக்கி வைத்தேன். கதவை மெதுவாகச் சாத்திக்கொண்டு பனியில் இறங்கினேன். அந்த வீட்டுக்குத் திரும்பி வருவதில்லை என்று நவம்பரில், மாவு பிசைந்த அன்றே முடிவு செய்திருந்தேன். புதிதாக ஒரு பக்கம் படித்ததற்காக அதை மாற்றிக்கொள்ளும் அவசியம் எனக்குத் தெரியவில்லை.