ஞாயித்துக்கெழம கூட்டம்

அவுரு உள்ள தூங்குறாரு தம்பி. நீ குந்து. புக்கு போடுற கம்பெனி அனுப்பிச்சி திருவல்லிக்கேணிலர்ந்து ஆவடிக்கு ரயிலேறி வந்துகீற, வாசல்ல நின்னுகினே ஞாயித்துக்கெழம கூட்டத்துக்கு சார் வருவாரா மாட்டாரான்னா நான் இன்னா சொல்றது? மொதல்ல காபிய குடி.

இன்னா பாக்குற? காலேஜ் வாத்தியார் பொண்டாட்டி இப்டி பேசுதேன்னா? நான் இங்க பக்கத்துல சேக்காட்டுப் பொண்ணு. அவுருதான் மாயவரம். என் பேச்ச திருத்துறேன்னு கொஞ்ச நாள் சுத்தினு இருந்தாரு, அப்பால வுட்டுட்டாரு.

கூட்டம் நாலாவது புக்க வெளியிடவா? சந்தோசம். வித்த புக்கெல்லாம் ஜனங்க ஊட்ல கீது, விக்காததெல்லாம் எங்க ஊட்டு கட்டிலுக்கு கீழ கீது. பெருக்கவே முடியல.

முன்ன வந்த சினிமா புக்கா? நல்லா எழுதிகீறாருன்னு எல்லாரும் சொல்றாங்க. நான் அவுரு கூட ஒரே ஒரு படந்தான் பாத்தேன், அம்பத்தூர் கொட்டாயில. சனமே மூக்க சிந்திகினு அழுவுது, இவுரு டார்ச்சு அடிச்சி குறிப்பெடுத்துகினு கீறாரு. பின்னாடி குந்தினு இருந்தவன், அண்ணாத்தே, கணக்க ஊட்ல போய் போட்டுக்கோன்றான். இன்டர்வெல்ல ஒரு முறுக்கு கூட கெடையாது. அந்த சீன்ல ஏன் அழுவ வருதுன்னு பக்கம் பக்கமா எழுதிகீறாராம். பக்கத்துலயே ஒருத்தி அழுதுகினு இருந்தா. கேட்டிருந்தா ஒரே வரில சொல்லியிருப்பா.

இலக்கிய புக்கு அதுக்கும் மேல. புருசன் வருவான் வருவான்னு பொம்பளைங்க காத்துகினு கெடக்குற பழைய பாட்டா பொறுக்கி எழுதுனது. அத எழுத லைப்ரரிக்கு போவாரு, கடைசி வண்டிலதான் வருவாரு. சோத்த மூடி வெச்சிகினு நான் இங்க. அந்த ஆராய்ச்சிய ஊட்லயே பண்ணியிருக்கலாம்.

ஆமாமா, பறவை புக்குதான் பேப்பர்லலாம் வந்துச்சி. விடியக்காத்தால பைனாகுலர கழுத்துல மாட்டிகினு ஏரிக்கரைக்கு கெளம்பிடுவாரு. இது ஆவடி தம்பி. எந்தாண்ட திரும்புனாலும் ஒரு மிலிட்டிரி மதிலு, மதிலாண்ட துப்பாக்கியோட ஒரு ஆளு. நாமக்கோழி, அதான் மூக்குமேல வெள்ளையா நாமம் போட்டுகினு கறுப்பா ஒண்ணு நீந்துமே, அது மதிலுக்கு அந்தாண்ட பறந்துச்சாம். இவுரும் பைனாகுலர அந்தாண்ட திருப்பிட்டாரு. புடிச்சி குந்த வெச்சிட்டான். இன்னா பண்றன்னு கேட்டதுக்கு இவுரு இங்லீஷ்ல, வடக்குலர்ந்து வர்றதையெல்லாம் எண்ணிகினு கீறேன்னு சொல்லிகீறாரு. கோழின்னு சொல்ல மறந்துட்டாரு.

ரேசன் கார்டையும் சினிமா புக்கையும் தூக்கிகினு நான் ஓடுனேன். கார்ட அவன் தொடவே இல்ல. புக்குல ஈரோயின் போட்டாவ பாத்து சிரிச்சான், போ போன்னுட்டான். அந்த புக்கால எங்க குடும்பத்துக்கு கெடச்ச ஒரே லாபம் அதான்.

எங்க எழுந்திரிக்கிற? எழுப்பாத தம்பி. முழுசா பேச வேணாமா? ரெண்டே வார்த்த பேசுனா போதுமா?

சரி, நானும் எம்மா நேரந்தான் உன்ன இங்கயே குந்த வெச்சிகினு இருக்கறது. உங்க மொதலாளி கிட்ட சொல்லிடு. பொங்கல் கழிச்சி ஒரு நாள் காலைல பல்லு வெளக்கப் போனவரு அப்டியே சரிஞ்சிட்டாரு. கை கால் தேறிடுச்சி, நடக்குறாரு, சாப்புடுறாரு. பேச்சு பூடுச்சி. மேடையில மணிக்கணக்கா பேசுன மன்சன், வெளிய தெரிஞ்சா அசிங்கப்படுவாரேன்னு யாருக்கும் சொல்லல. எனக்கும் பயமாத்தான் கீது.

சில பேருக்கு ஒரே ஒரு வார்த்த மட்டும் தங்கிடுமாம், டாக்டர் சொன்னாரு. இவுருக்கும் ஒண்ணு தங்கிகீது. கல்யாணம் ஆன நாள்லர்ந்து இந்தா, இங்க பாருன்னுதான் என்ன கூப்புடுவாரு, ஒரு தடவ கூட பேர் சொன்னதில்ல. இப்ப தண்ணி வேணும்னாலும் லோகநாயகி, ஃபேன் போடணும்னாலும் லோகநாயகி, தெருவுல நாய் போனாலும் லோகநாயகி.

கூட்டத்துக்கு வேணும்னா சட்டய மாட்டி கூட்டிகினு வர்றேன். மைக்க குடுத்தீங்கன்னா என் பேரத்தான் சொல்லுவாரு. பரவால்லயான்னு உங்க மொதலாளிய கேட்டுகினு வா.