குதிகாலுக்கு ஒரு குஷன்

நர்ஸ்: காலை ஆட்டாதீங்க அண்ணே. கட்டுப் பிரிக்கிற நேரத்துல ஆட்டினா எப்படி...

ஸோபாக்காரர்: நான் எங்க ஆட்டினேன்? அதுவா ஆடுது சிஸ்டர். ஏழு வாரமா தலகாணி மேல கிடக்கு. அதுக்கும் சலிப்பு தட்டாதா?

நர்ஸ்: தட்டட்டும். கட்டைவிரல் நுழையுற குழியோட இருந்த குதிகால் இது. இன்னிக்கும் மூடலைன்னா ஆபரேஷன்தான்னு டாக்டர் சொன்னாரா இல்லையா?

ஸோபாக்காரர்: சொன்னாரு, சொன்னாரு. மூணு நாளா சாப்பாடு இறங்கலை. நின்னுக்கிட்டே செய்யற வேலை சிஸ்டர் நம்மளது. கால் போச்சுன்னா கடை போச்சு.

நர்ஸ்: உண்மையைச் சொல்லுங்க. நடுவுல ஓரத்தைத் தூக்கிப் பார்த்தீங்களா?

ஸோபாக்காரர்: சத்தியமா இல்ல. போன மாசம் பார்த்ததோட சரி. நீங்க குடுத்த டோஸ் இன்னும் காதுல ரீங்காரம் போடுது.

நர்ஸ்: பின்ன? காத்துப் பட்டாதான் ஆறும்னு தினம் தினம் பிரிச்சு வெச்சா, வர்ற சதையும் ஓடிப் போயிடும்.

ஸோபாக்காரர்: புண்ணுன்னா காயணும்னுதானே ஊரே சொல்லுது...

நர்ஸ்: ஊரா வந்து டிரெஸ்ஸிங் பண்ணுது? வடியுற தண்ணியை இந்த ஃபோம் குடிச்சுக்கும். தேவையான ஈரத்தை மட்டும் விட்டு வைக்கும். அந்த ஈரத்துலதான் புதுத் தோலு நகர்ந்து வரும். எத்தனை தடவை சொல்லிட்டேன்!

ஸோபாக்காரர்: இதைப் பத்தி எனக்கே பாடமா? பாலியூரித்தேன். முப்பது வருஷமா இதோடதான் குடித்தனம். கண்ணை மூடிக்கிட்டு ஒரு அமுக்கு அமுக்கினா டென்சிட்டி சொல்லிடுவேன்.

நர்ஸ்: ஆமாமா. முதல் வாரமே ஸோபா ஃபோம்ல ஒரு துண்டு வெட்டி வெச்சுக்கிட்டு, ‘ரெண்டும் ஒரே சரக்குதானே சிஸ்டர், ஒட்டிடலாமா’ன்னு கேட்டீங்களே... எனக்குத் தலை சுத்திடுச்சு.

ஸோபாக்காரர்: பேரு ஒண்ணுதானே போட்டிருந்துச்சு! சரி... ஷ்ஷ். கேக்குதா? கீழ.

நர்ஸ்: என்ன, ஸ்டேப்ளர் சத்தமா? உங்க கடையிலேர்ந்துதானே வருது?

ஸோபாக்காரர்: வீட்டம்மா வெச்ச புது ஆளு. நான் படுத்த மறுவாரமே வந்துட்டான். ரெண்டு அடி... ஒரு யோசனை... அப்புறம்தான் மூணாவது அடி. கேட்டுக்கிட்டே இருங்க.

நர்ஸ்: நான் கால் பார்க்கணுமா, காது குடுக்கணுமா? பேசாம இருங்க. இதோ வருது... மெதுவா...

ஸோபாக்காரர்: என்ன சிஸ்டர், இப்படிக் குனிஞ்சு குனிஞ்சு பார்க்கறீங்க? வெட்டணுமா? எதுவா இருந்தாலும் சொல்லிடுங்க.

நர்ஸ்: அண்ணே...

ஸோபாக்காரர்: சொல்லுங்கன்னா!

நர்ஸ்: மூடிடுச்சு அண்ணே. முழுசா மூடிடுச்சு. நல்லா ரோஸ் கலர்ல, பளபளன்னு தோலு. கண்ணாடி காட்டறேன், நீங்களே பாருங்க.

ஸோபாக்காரர்: ...அட. அட என் தங்கமே.

நர்ஸ்: யாரைச் சொல்றீங்க, என்னையா, குதிகாலையா?

ஸோபாக்காரர்: ரெண்டு பேரையும்தான் வெச்சுக்கோங்களேன்.

நர்ஸ்: அழாதீங்க அண்ணே.

ஸோபாக்காரர்: யாரு அழுதா? மருந்து நெடி. சரி, செருப்பை எடுங்க, நான் கீழ போறேன்.

நர்ஸ்: உக்காருங்க! இது நேத்துப் பொறந்த தோலு. இன்னும் ஒரு வாரம் மேல ஒரு ஃபோம் காவலுக்கு இருக்கணும். ஃபோம் பெட்டியைக் குடுங்க... ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு. என்ன இது? போன தடவை நான் போகும்போது அஞ்சு வெச்சுட்டுப் போனேனே.

ஸோபாக்காரர்: அதுவா... ஒண்ணுல சீல் பிரிஞ்சிருந்துச்சு. தூக்கிப் போடச் சொல்லி வீட்டம்மாகிட்ட குடுத்துட்டேன்.

நர்ஸ்: சீல் பிரிஞ்சுதா? ஒவ்வொண்ணா பார்த்துத்தானே வெச்சேன். ஓரத்தைத் தூக்கிப் பார்க்கலைன்னு சத்தியம் பண்ணின வாயா இது?

ஸோபாக்காரர்: கட்டு மேல நீங்க எழுதின தேதி அப்படியேதானே இருந்துச்சு? அப்புறம் என்ன குறுக்கு விசாரணை?

மனைவி: சிஸ்டர், டீ... ஐயோ, காலு! மூடிடுச்சா?

நர்ஸ்: மூடிடுச்சு அக்கா. டீயை வெச்சுட்டு வந்து பாருங்க. என்ன, இடது கையால நீட்டுறீங்க?

மனைவி: அது... வலது கை ஈரம்.

நர்ஸ்: ஈரமாவா இருக்கு? கையில சுத்தின துண்டை எடுங்க. எடுங்கக்கா... அடக் கடவுளே. என் அஞ்சாவது ஃபோம் இங்கதான் உக்காந்திருக்கா!

மனைவி: சின்னக் கீறல்தான் சிஸ்டர். காய் நறுக்கறப்போ...

ஸோபாக்காரர்: உள்ளங்கையிலயா காய் நறுக்கினே?

நர்ஸ்: இருங்க. இது ஏன் வர மாட்டேங்குது? பிளாஸ்டரும் இல்ல. எதை வெச்சு ஒட்டினீங்க?

மனைவி: பிளாஸ்டர் வேலை செய்யறப்போ கழண்டுக்கிட்டே இருந்துச்சு. அதான் கடையில இருக்கற பசையை... சுத்தி ஓரத்துல மட்டும். புண்ணுல படாம.

நர்ஸ்: ஸோபா பசையா!

ஸோபாக்காரர்: அடிப் பாவி. அது பத்து வருஷம் கேரண்டி.

நர்ஸ்: சிரிக்காதீங்க அண்ணே! நீங்க ரெண்டு பேரும் சேர்ந்து என்னை வேலையை விட்டு ஓட வெச்சுடுவீங்க. எண்ணெய் எடுத்துட்டு வாங்க அக்கா, ஊறவெச்சுத்தான் எடுக்கணும். எது கிழிச்சுச்சு? பெரிய கத்தரியா?

ஸோபாக்காரர்: துணி வெட்டற கத்தரிதான். அது இடது பக்கம் இழுக்கும். பழகாத கையை வாரிடும்.

மனைவி: உங்களுக்கு எப்படி...

ஸோபாக்காரர்: ரெண்டு அடி, ஒரு யோசனை, ஒரு அடி. இருபத்தாறு வருஷமா இந்த வீட்டுல ஆணி அடிச்சாலும் அப்படித்தான், சண்டை போட்டாலும் அப்படித்தான். புது ஆளாம் புது ஆளு. அவன் தும்மினா உன்னை மாதிரியே இருக்கு.

நர்ஸ்: அப்போ சீல் பிரிஞ்சுதுன்னு சொன்னது...

ஸோபாக்காரர்: வெள்ளிக்கிழமை கையை முதுகுக்குப் பின்னால வெச்சுக்கிட்டே சாப்பாடு போட்டா சிஸ்டர். என்னன்னு கேட்டா ஒத்துக்க மாட்டா. நல்ல ஃபோமா பார்த்துக் குப்பைன்னு சொல்லிக் குடுத்தேன். இவ எதையும் தூக்கிப் போடற ஆளில்லைன்னு தெரியுமே.

மனைவி: தெரிஞ்சுமா இத்தனை நாள் பேசாம படுத்திருந்தீங்க?

ஸோபாக்காரர்: கேட்டா நீ நிறுத்திடுவே. நிறுத்தினா கடையைப் பூட்டணும். கேக்காம இருந்தா நீ கையைக் கிழிச்சுக்கறே. மேல படுத்துக்கிட்டு நான் என்ன பண்றது, சொல்லு. ஒவ்வொரு அடிக்கும் எனக்கு இங்க, நெஞ்சுல வலிச்சுது.

நர்ஸ்: அப்பாடா, எண்ணெயில ஊறி வந்துடுச்சு. காயம் ஆழமில்ல அக்கா, சுத்தமாத்தான் இருக்கு. ஆனா இனிமே பசைப் பக்கம் போனீங்க...

மனைவி: போக மாட்டேன் சிஸ்டர்.

ஸோபாக்காரர்: போகவே வேணாம். ஒரு வாரம்தானே சிஸ்டர்? அடுத்த வாரம் நான் இறங்கிடறேன். நீ மேல வந்து காலை நீட்டு. ‘கடை எப்படிம்மா’ன்னா ‘ஏதோ ஓடுது, ஏதோ ஓடுது’ன்னே சொல்றே. நான் வந்து தூக்கி நிறுத்தறேன்.

மனைவி: அது பொய்ங்க. ஏதோ இல்ல... நல்லாவே ஓடுது. தியேட்டர்காரங்க நாப்பது சீட்டுக்கு மெத்தை போடக் குடுத்திருக்காங்க, நேத்துலேர்ந்து நிஜமாவே ரெண்டு ஆள் வெச்சிருக்கேன். சொன்னா நிம்மதியாப் படுப்பீங்களா, முகம் வாடிடுமான்னு தெரியலை, அதான் வாயைத் திறக்கலை. நீங்க வந்தாகணும். சீட்டு மூலையில துணி மடிக்க எங்க மூணு பேருக்குமே வரலை... ஆனா ஒண்ணு, தையல் மெஷின்ல நான்தான் உக்காருவேன்.