ஊரைக் கேட்பவரும் ஆளைக் கேட்பவரும்: தபாலதிபர் புனிதவதி அம்மையாருக்கு

அம்மையீர்,

இம்மடலில் சொல்லப்போவதையெல்லாம் நடந்தபடியே நினைவில் வைத்திருக்கிறோமா என்பது எங்களுக்கே நிச்சயமில்லை. பன்னிரண்டு ஆண்டுகளின் மழையும் பனியும் இந்தக் கூரைமேல் கடந்துவிட்டன. அன்று உடனிருந்தவர்களில் இருவர்தான் இன்னும் பணியில் இருக்கிறோம். அந்த இருவருக்கும் ஒரே சொல் இரண்டுவிதமாகக் கேட்டிருக்கிறது. பிழை கண்டால், வழக்கம்போலத் தாங்களே திருத்திக்கொள்ள வேண்டுகிறோம்.

அஞ்சற் பணிக்கு அணியானவரே! அளந்து பேசும் அறிவுடையவரே! மயிலிட்டிக் கரையில் அலையோசையில் வளர்ந்து, கடல் கண்ணுக்கே எட்டாத இந்த மலைச்சரிவில், பூண்டுலோயாப் பாதையோரச் சிறு தபாலகத்தில், பணிக்காலத்தின் பெரும்பகுதியைக் கழித்தவரே! கொழுந்துக்கூடையோடு வந்த பெண்களையும் காற்சட்டையோடு வந்த துரைமாரையும் ஒரே வரிசையில் நிற்கவைத்த நேர்மையே! தங்களுக்கு எங்கள் வணக்கம்.

தங்கள் பிரியாவிடைக்கு இப்படி ஒரு மடல் எழுதப்போகிறோம் என்றபோது தாங்கள் சிரிக்கவில்லை. "பொன்னாடை போர்த்தினாலும் பரவாயில்லை, பொய்யைப் போர்த்தாதேங்கோ. ராசம்மாவின்ர கதையை விட்டுப்போட்டு எழுதுறதெண்டால் எனக்கு வேண்டாம்" என்றீர்கள். ஆகவே எழுதுகிறோம். விழா மேடையில் வாசிக்கத் தகுந்த கதையா இது என்று எங்களுக்குத் தெரியவில்லை.

மாலைத் தபால் பையைக் கட்டி பஸ்ஸில் ஏற்றியபின், தேநீர் ஆறும்வரை தாங்கள் எங்களிடம் உலகத்தைக் கேட்பீர்கள். ஆறு மாதத்துக்கு ஒருமுறை தலைவர் இருவரையும் மாற்றும் நாடு எது? சான் மரினோ. தலைநகர் என்று சட்டப்படி ஒன்று இல்லாத நாடு எது?

"நம்ம தோட்டந்தாங்கம்மா," என்றார் தபால்காரர் நல்லமுத்து.

"நவுரு. ஆனா உம்மட மறுமொழிக்கும் அரைப்புள்ளி போடலாம்."

கடலே இல்லாமல் கடற்படை வைத்திருக்கும் நாடு எது என்றும் ஒருநாள் கேட்டீர்கள். பொலிவியா. ஒரு போரில் கரையை இழந்து நூறாண்டு கடந்தும் அந்நாடு கப்பற்படையைக் கலைக்கவில்லை என்றீர்கள். அது தொண்ணூறாம் ஆண்டு ஆனி மாதம். சண்டை மூண்டு மயிலிட்டியை விட்டுச் சனங்கள் கையில் அகப்பட்டதோடு வெளியேறிய செய்தி தங்களுக்கு வந்த கிழமை. அதைத் தாங்கள் எங்களிடம் சொல்லவில்லை. பொலிவியாவை மட்டும் சொன்னீர்கள். நாங்கள் தேநீர்க் கோப்பைகளைக் கழுவினோம்.

அவ்வாண்டு ஆவணியில் குவைத் வீழ்ந்தது. சில கிழமைகளில் அதைத் தன் பத்தொன்பதாவது மாகாணமாக ஈராக் அறிவித்தது. குவைத்துக்குத் தபால் நின்றுபோனது. நாடு என்பது காலை வானொலியில் இல்லாமற் போகக்கூடிய பொருள் என்பதைத் தாங்கள் அன்று முழுதும் வியந்துகொண்டிருந்தீர்கள். அந்த வியப்பின் நடுவில்தான் ராசம்மா வந்தார்.

ராசம்மா மேல்பிரிவில் கொழுந்து பறிப்பவர். கணவரில்லை. ஒரே மகள் புஷ்பராணி வீட்டுவேலைக்குக் குவைத் போயிருந்தாள். வெளிநாடு போன பிள்ளைகளை, தோட்டக் குடியிருப்பான லயத்தில், போன நாட்டின் பெயராலேயே குறிப்பிடுவார்கள். சவூதி காயிதம் போட்டுச்சா, ஜோர்தான் எப்ப வருது என்பார்கள். மலையகத்தில் பிள்ளையை அஃறிணையில் சொல்வது செல்லம். இதெல்லாம் எங்களுக்குத் தெரியும். யாழ்ப்பாணத்தவரான தங்களுக்கு அது பழக்கமில்லை.

ராசம்மா தபாலகக் கம்பிக்கு வெளியே நின்று, "எங்க குவைத்து எப்படிங்கம்மா இருக்கு?" என்று கேட்டார்.

'எங்க' என்ற சொல்லைக் கேட்டதாக எங்களில் ஒருவர் சொல்கிறார். மற்றவர் கேட்கவில்லை என்கிறார். தங்களுக்கு அது கேட்கவில்லை என்பது மட்டும் உறுதி.

"குவைத் இப்ப இல்லை, ராசம்மா. ஈராக்காரன் வந்து முடிச்சுப்போட்டான்."

"நெசமாவாங்கம்மா?"

"ஓம், ரேடியோவில சொல்லிப்போட்டாங்கள். பேரையும் எடுத்துப்போட்டாங்கள்."

ராசம்மா அழவில்லை. பின்னாலிருந்தவருக்கு வழிவிட்டு நகர்ந்து போனார். தாங்கள் அடுத்த ஆளுக்கு முத்திரை கிழித்துக் கொடுத்தீர்கள்.

இரண்டு கிழமை கழித்து நல்லமுத்து வெறும் பையோடு திரும்பிவந்து, "மேல்லயத்துல இன்னைக்கு யாரும் வேலைக்குப் போகலிங்க. கருமாதி," என்றார்.

"ஆருக்கு?"

"குவைத்துக்குங்க."

தாங்கள் சிரித்துவிட்டீர்கள். "குவைத்துக்கோ? ஒரு நாட்டுக்கு ஆரப்பா கருமாதி செய்யிறது?"

நல்லமுத்து சிரிக்கவில்லை. "நாட்டுக்கு இல்லிங்கம்மா. ராசம்மா மகளுக்கு. நீங்கதான் சொன்னீங்களாம்."



மழையில், குடையை மறந்து, தாங்கள் மலையேறினீர்கள். எங்களில் ஒருவர் கூடவந்தார். லயத்து வாசலில் படையல் எடுத்த இலைகள் நனைந்து கிடந்தன. ராசம்மா உள்ளே சுவரோடு சாய்ந்திருந்தார்.

"ராசம்மா, நான் சொன்னது நாட்டை. பிள்ளையை இல்லை," என்றீர்கள்.

ராசம்மா நிமிர்ந்தார். "அப்ப புள்ள உசுரோட இருக்குங்களா?"

பக்கத்துக் காம்பரா பேச்சியம்மா முந்திக்கொண்டார். "நாடே இல்லேங்கிறாங்க. அதுல இருக்கிற புள்ள மட்டும் எப்புடி இருக்குமாம்? படிச்சவங்களுக்கு வெளையாட்டாப் போச்சு!"

ராசம்மா தங்கள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். ஆமென்று ஒரு சொல் சொல்லியிருந்தால் அன்றிரவு அவர் சாப்பிட்டிருப்பார். தாங்கள் சொன்னது இது:

"எனக்குத் தெரியாது, ராசம்மா."

தலைநகரங்களும் கொடிகளும் ஒப்பந்தங்களும் அறிந்த தங்கள் வாயிலிருந்து அந்தச் சொல்லை நாங்கள் முதன்முறையாகக் கேட்டோம். பொய்யான ஆறுதலைவிட அது மேலானதா, கொடியதா என்று பன்னிரண்டு ஆண்டுகளாக யோசிக்கிறோம். இன்னும் முடிவுக்கு வரவில்லை.

அதற்குப்பின் தாங்கள் கொழும்புக்கு எழுதாத அலுவலகமில்லை, தந்தியடிக்காத நிறுவனமில்லை. ஐப்பசியில், பாலைவனம் கடந்து, ஜோர்தான் அகதி முகாமில் கிடந்து, ஒரு பையோடு புஷ்பராணி வந்திறங்கினாள். தாய் அவளைப் பார்த்து, "வந்துட்டியா," என்று மட்டும் கேட்டாராம். ஆனால் அவள் திரும்பிவந்தால் வேலைக்கு எடுத்துக்கொள்ளலாம் என்று தோட்டப் பதிவேட்டில் விட்டுவைத்திருந்த பேர், கருமாதிக்கு மறுநாளே வெட்டப்பட்டிருந்தது. அந்த இடத்துக்கு வேறொருத்தியைப் பதிந்துவிட்டார்கள். தாங்கள் தோட்டத் துரையிடம் இருமுறை போய் நின்றீர்கள். செத்ததாகத் தாயே சொன்னபின் தான் என்ன செய்வது என்றார் அவர். வேலையில்லாமல் இரண்டு ஆண்டு இருந்துவிட்டுப் புஷ்பராணி லெபனான் போனாள். வழியனுப்ப ஹட்டன் நிலையம்வரை போனவர்களில் தாங்களும் ஒருவர்.

அதற்குப் பிந்திய தங்கள் பணியைத்தான் நாங்கள் போற்ற வந்தோம். சோவியத் ஒன்றியம் உடைந்தது, யூகோஸ்லாவியா சிதறியது, செக்கோஸ்லோவாக்கியா இரண்டாகியது, சயீர் கொங்கோவாகியது. ஒவ்வொரு முறையும் எங்களுக்கு அதைச் சொன்னீர்கள். சொல்லி முடித்து, "நாடுதான் போனது. சனம் அங்கைதான் கிடக்குது" என்று ஒரு வாக்கியம் சேர்த்தீர்கள். கம்பிக்கு வெளியே யார் எதைக் கேட்டாலும், பதில் சொல்லுமுன், "ஊரைக் கேக்கிறீங்களோ, ஆளைக் கேக்கிறீங்களோ?" என்று கேட்டீர்கள். புதிதாய் வந்த ஊழியர்கள் அது தங்கள் பேச்சுப் பழக்கமென்று நினைத்து, ஒளிந்துநின்று சிரித்தார்கள். இப்போது அவர்களும் அப்படியே கேட்கிறார்கள். இந்த மாவட்டத்தில் வேறெந்தத் தபாலகத்திலும் அந்தக் கேள்வி இல்லை. தங்களுக்குச் சிலை வைக்க எங்களுக்கு வசதியில்லை. அக்கேள்வியைத் தொடர்ந்து கேட்போம்.

பொறுமையின் உருவே! பொய்யுரையாப் பண்பே! தங்கள் மூட்டுவலியை இந்த மலைக்குளிர் இங்கேயே வைத்துக்கொள்ளட்டும். வெயிலுள்ள இடத்தில், நல்ல உறக்கத்தோடும் நல்ல பசியோடும், பல்லாண்டு வாழ்வீர்களாக!

இனி, இங்கு வாசிக்கப்பட வேண்டுமென்று தாங்கள் கேட்டுக்கொண்டவை.

நல்லமுத்து ஓய்வுபெற்று மகனோடு நல்லதண்ணியில் இருக்கிறார். யாத்திரைப் பருவத்தில் அங்கே தேநீர்க்கடை போடுகிறார். பேச்சியம்மா அதே காம்பராவில் இருக்கிறார். மயிலிட்டிக்குள் இராணுவம் இன்னும் யாரையும் விடவில்லை. போர் ஓய்ந்து வடக்குப் பாதை திறந்த சித்திரையில் தாங்கள் போய், தடைக்கம்பிவரை பார்த்துவிட்டுத் திரும்பினீர்கள். நாளை வவுனியாவில் தங்கையின் வீட்டுக்குப் போகிறீர்கள். புஷ்பராணியிடமிருந்து தொண்ணூற்றாறுக்குப்பின் எந்தச் செய்தியும் இல்லை. அவள் இருக்கிறாளா என்பது எங்களுக்குத் தெரியாது. ராசம்மா தொண்ணூற்றெட்டு மார்கழியில் இறந்தார். மகனும் மகளும் இல்லாததால், பேச்சியம்மாவின் மகன் கொள்ளி வைத்தான்.

தங்களோடு பணியாற்றியதில் பெருமையும் துயரமும் கொள்ளும்
தபாலக ஊழியர்கள்
ஆவணி, 2002