கண்ணுக்கு நல்ல மாத்திரை

கேரட் கண்ணுக்கு நல்லது என்றால் யாரும் மறுத்துப் பேசுவதில்லை, இன்ஸ்பெக்டர். உங்கள் அம்மாவும் சொல்லியிருப்பார்.

அதற்கு அந்த நிறத்தைக் கொடுக்கும் சத்தைத்தான் நான் ஆராய்கிறேன். சாப்பாட்டோடு போனால் உடம்பில் வைட்டமின் ஏ ஆகும், நல்லதே செய்யும். பீடி, சிகரெட் பிடிக்கிறவர்களுக்கு அதையே மாத்திரையாக, அதிக அளவில், வருடக்கணக்கில் கொடுத்தால் நுரையீரல் புற்றுநோய் வருவது கூடுகிறது. வெளிநாட்டில் எப்போதோ தெரிந்துகொண்டார்கள். வகுப்பில் நானே நடத்துகிற பாடம். ஆபத்து என்றதும் அங்கே மாத்திரையை நிறுத்திவிட்டார்கள். உள்ளே என்ன நடக்கிறது என்று கடைசிவரை கூடவே இருந்து யாரும் பார்க்கவில்லை. அது என்னை உறுத்திக்கொண்டே இருந்தது.

மரக்காணம் என் அம்மாவின் ஊர். ஞாயிறு பூசை முடிந்ததும் மாதா கோயில் வாசலில் மேசை போட்டு உட்கார்ந்தேன். உப்பளத்தில் வேலை செய்கிறவர்களுக்கு வெயிலில் கண் கூசும். கண்ணுக்கு நல்லது என்று சொல்லித்தான் கொடுத்தேன். அதில் பொய் இல்லை. பீடி பிடிக்கிற ஆண்களாகப் பார்த்துச் சேர்த்தேன். மாதாமாதம் ரத்தம் எடுத்தேன். டாக்டரம்மா என்று கூப்பிட்டார்கள். நான் வைத்தியம் பார்க்கிற டாக்டர் இல்லை என்று திருத்தவில்லை.

அவர்களில் ஆரோக்கியராஜ் மிகவும் ஒழுங்கானவர். ஒரு வேளை மாத்திரையைக்கூட விட்டதில்லை. மூன்றாம் வருடம் ஒருநாள் வெட்கத்தோடு வந்து நின்றார்.

"பொண்ணு திட்டிக்கினே இருக்குது டாக்டரம்மா. பீடிய வுட்டுட்டேன்."

அவர் பீடியை விட்டால் அதுவரை எடுத்த ரத்தமெல்லாம் வீண். பக்கத்தில் உட்கார வைத்துப் பொறுமையாகச் சொன்னேன்.

"திடீர்னு வுட்டா நெஞ்சுக்கு ஆகாதுங்க. மாத்திரை முடியட்டும், அப்புறம் வுடலாம்."

அடுத்த வாரம் ஒரு கட்டு பீடி நானே வாங்கிக்கொண்டு போனேன். மறுபேச்சில்லாமல் வாங்கிக்கொண்டார். நல்ல மனிதர்.

பிறகு இருமல் வந்தது. சளியில் ரத்தம் வந்தது. நான் எதிர்பார்த்ததுதான். அவர் மனைவி சவரியம்மாள் ஒரு பை நிறையக் கருவாடு எடுத்துக்கொண்டு வந்தார். "ரொம்ப எளைச்சிட்டாரும்மா. அந்தச் சத்து மாத்திரைய ரெண்டா குடுக்கலாமா?" என்று கேட்டார்.

இரண்டாகக் கொடுத்தேன்.

அடக்கத்துக்குப் போயிருந்தேன். சவரியம்மாள் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். நானும் அழுதேன். நர்சிங் படிக்கிற அவர் மகள் ஜெர்லின் மட்டும் கிட்டே வரவில்லை. மிச்சமிருந்த மாத்திரையை எடுத்துக்கொண்டு அவள் உங்களிடம் வந்தது பிறகுதான் தெரிந்தது. கெட்டிக்காரப் பெண். அவள் மேல் எனக்குக் கோபமில்லை.

தெரிந்தேதான் கொடுத்தேன். எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ஒன்றே ஒன்று கேட்கிறேன். மற்றவர்களுக்கு மாத்திரையை மட்டும் நிறுத்திவிடாதீர்கள். பாதியில் விட்டால் ஆரோக்கியராஜ் பட்ட பாட்டுக்கு அர்த்தமே இல்லாமல் போய்விடும். அந்தப் பாவத்தை நான் செய்ய மாட்டேன்.