காசியம்மாளுக்குச் செய்த உதவி

கோர்ட்டுக்கு வருகிறவர்களில் பலர் காலையில் சாப்பிடுவதில்லை. அதனால் தர்மபுரிக்குப் பஸ் ஏறும்போதே கொஞ்சம் பன் வாங்கிப் பையில் போட்டுக்கொள்வேன். யார் பசியோடு உட்கார்ந்திருந்தாலும் ஒன்றைக் கொடுப்பேன். ஆண்டவர் நம்மிடம் பெரிதாக எதையும் கேட்பதில்லை.

அன்று என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தது காசியம்மாள். அவள் புருஷன் சென்னப்பன், எங்கள் கடலைத் தோட்டத்தில் காட்டுப்பன்றிக்காகக் கட்டியிருந்த கம்பியில் கரண்ட் அடித்துச் செத்தவன். அந்த வழக்கில் என் மகன் ஜோசப் ராஜ் சேலம் ஜெயிலில் இருந்தான். அவனுடைய ஜாமீன் மனு அன்றைக்குத்தான் விசாரணைக்கு வந்தது. மருமகள் பிளசிக்கு மாதம் நிறைந்திருந்தது. பிரசவத்தின்போது அவன் கூட இருக்க வேண்டும். வீட்டில் தினமும் ஜெபமாலை சொன்னது அதற்காகத்தான்.

காசியம்மாள் பன்னை வாங்கிக்கொண்டாள், தின்னவில்லை.

“நீங்க குடுக்கறப்ப வேண்டாம்னு சொல்ல வாய் வரலீங்க. ஆனா உங்க பையன் வெளிய வந்து எங்க வூட்டு வழியா நடந்து போனான்னா, அன்னிக்கே நான் செத்துருவனுங்க.”

“வர மாட்டாம்மா” என்றேன்.

உள்ளே போய், மனுவைத் திரும்பப் பெறும்படி வக்கீல் கலைமதியிடம் சொன்னேன்.

“ஏங்க பிலவேந்திரன், வெளையாடறீங்களா? கவர்மென்ட் வக்கீலே பெருசா எதுக்கல. இன்னிக்கே ஆர்டர் ஆயிடும்.”

“பையனே வேண்டாம்னு சொல்லிட்டானுங்கம்மா. அவனுக்கு மனசு கேக்கலையாம்.”

அது பொய்தான். ஒரு விதவையின் கண்ணீரைத் துடைக்கச் சொன்ன பொய். கலைமதி எழுந்து, மனுவைத் திரும்பப் பெறுவதாக நீதிபதியிடம் சொன்னார். அடுத்த வழக்கைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

வெளியே வந்து சொன்னதும் காசியம்மாள் அழுதாள். அப்புறம் அந்தப் பன்னைப் பிய்த்துத் தின்றாள். எனக்கு மனசு நிறைந்திருந்தது.

ஜெயிலுக்குப் போய் ஜோசப்பிடம், ஜட்ஜ் ஜாமீன் தரவில்லை என்று சொன்னேன். கம்பி வலைக்கு அந்தப் பக்கம் தலையைக் குனிந்துகொண்டான்.

“சரிங்கப்பா. பிளசிகிட்ட பதமா சொல்லுங்க. நீங்க பிரஷர் மாத்திரைய மட்டும் வுட்றாதீங்க.”

பேத்தி பிறந்துவிட்டாள். அவன் இன்னும் பார்க்கவில்லை. குழந்தைக்கு அவன் மூக்குதான் என்று அடுத்த முறை போனபோது சொன்னேன். தன் மூக்கைத் தொட்டுப் பார்த்துக்கொண்டான்.

கம்பிக்குக் கரண்ட் கொடுத்தது யார் என்று கேட்கிறீர்கள். மனிதர்கள் நடக்கிற வழி என்று சொல்லி ஜோசப் அதைக் கழற்றித்தான் போட்டிருந்தான். அவன் மாரண்டஹள்ளிக்குப் போன நேரத்தில் மறுபடி கட்டி, லைனில் கொக்கி போட்டது நான். போலீஸ் வந்தபோது, என் உடம்பு ஜெயிலைத் தாங்காது என்று அவனே முன்னால் போய் நின்றான். நான் தடுக்கவில்லை. பிள்ளை மனமுவந்து செய்கிற நன்மையைத் தடுப்பது பாவம்.

காசியம்மாள் அன்று கேட்டது அவனைத்தான். என்னை உள்ளே போகச் சொல்லிக் கேட்டிருந்தால், சத்தியமாகப் போயிருப்பேன். கேட்டவர்களுக்கு இல்லை என்று சொல்லி எனக்குப் பழக்கமில்லை.