எர்த் இருக்காண்ணே

எனக்கு இரைச்சல் பிடிக்காது சார். இந்த அறையில் ஓடும் மின்விசிறிச் சத்தமே காதை அறுக்கிறது. பரவாயில்லை, ஓடட்டும்.

நானும் பீமாராவும் கல்லூரியிலிருந்தே சேர்ந்து கிடார் வாசித்தவர்கள். மேலூர்க்காரன், எனக்கு இளையவன். ப்ளூஸ் வாசிப்பில் அவனை மிஞ்ச எனக்குத் தெரிந்து மதுரையில் ஆளில்லை. எனக்கு ஆட்களிடம் பேசத் தெரியும். அதனால் படங்களுக்குப் பின்னணி இசை அமைக்கும் வாய்ப்பு என்னைத் தேடி வந்தது. உருக்கமான இடமென்றால் அவனைக் கூப்பிடுவேன். வாசிப்பது அவன், திரையில் வருவது ஜெயந்த் என்ற என் பெயர். மதியம் நல்ல பிரியாணி வாங்கிக் கொடுப்பேன். அதில் நான் குறை வைத்ததில்லை.

சிம்மக்கல்லில் என் ஸ்டூடியோ இருப்பது பழைய கட்டடத்தில். எர்த் கம்பியை இணைத்தால், கிடார் ஒலியைப் பெருக்கும் ஆம்ப் உறுமும். கழற்றினால் சத்தம் சுத்தமாகிவிடும், ஆனால் கசியும் மின்சாரம் கிடாருக்கு வந்துவிடும். ஒருமுறை விரலில் சுருக்கென்று வாங்கியதிலிருந்து, கிடாரைத் தொடும் முன் பீமாராவ் கேட்பான்: "எர்த் இருக்காண்ணே?" நான் பார்த்துவிட்டு, "இருக்குடா" என்பேன். அதற்குமேல் அவன் எழுந்து வந்து பார்த்ததே இல்லை.

போன ஆவணியில் ஒரு காலை, டீ குடிக்கும்போது சொன்னான். "அண்ணே, ஒரு படம் வந்துருக்கு. தனியாப் பண்ணப் போறேன். ஒங்க கிளைமாக்ஸ முடிச்சுக் குடுத்துட்டுத்தேன் போவேன்."

வாழ்த்தினேன். கைகூடக் குலுக்கினேன். ஆனால் என் படங்களில் ஜனங்கள் அழுத இடமெல்லாம் அவன் வாசித்த இடம். அவன் போனால் எனக்கென்று எதுவும் மிஞ்சாது. சொல்லவே வெட்கமாக இருக்கிறது.

அன்றே பதிவுக்கு உட்கார்ந்தோம். ஆம்ப் உறுமியது. எர்த்தைக் கழற்றினேன்.

"எர்த் இருக்காண்ணே?"

"இருக்குடா, வாசி."

அவன் கூடவே முனகிக்கொண்டு வாசிப்பவன். கடைசிச் சுரத்தில் உதடு முன்னாலிருந்த மைக்கில் பட்டது, மின்சாரம் அவன் வழியே பாய்ந்தது. விரல்கள் கம்பியோடு இறுகிக்கொண்டன. ஆம்ப் எதிரிலேயே இருந்ததால், அதன் சத்தமே கம்பியை மறுபடி மறுபடி அதிரவைக்க, அந்தச் சுரம் அறுபடாமல் நீண்டுகொண்டே போனது.

பழைய கட்டடம், கரண்ட் கசிவு என்று எல்லாரும் சொன்னார்கள். நானும் சொன்னேன்.

படம் வெளிவந்ததும் அவன் மனைவி பவதாரிணி தியேட்டரில் என் பக்கத்தில் உட்கார்ந்து அந்த இடத்தைக் கேட்டாள். "அவரு கடைசியா வாசிச்சத வீணாக்காம வச்சீகளேண்ணே," என்று என் வலது கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். கையை இழுத்துக்கொள்ளவும் கூச்சமாக இருந்தது, அப்படியே விட்டுவைக்கவும் கூசியது. அதனால்தான் இந்த ஸ்டேஷனுக்கு வந்தேன்.

அன்று அவன் வாசிக்கும்போது மெயின் சுவிட்ச் அந்தக் கைக்குப் பக்கத்தில்தான் இருந்தது சார். கை அதன்மேல் போய்விட்டது. இதையும் எழுதிக்கொள்ளுங்கள். அழுத்தவில்லை. அப்படி ஒரு சுரத்தை அவன் அதுவரை வாசித்ததில்லை. முடியட்டும் என்று காத்திருந்தேன்.

பாதியில் நிறுத்தியிருந்தால் அவனுக்கே பிடித்திருக்காது.