முப்பத்தெட்டும் நாற்பத்திரண்டும்

டி-ஷர்ட்டைக் கையில் தூக்கிப் பிடித்துக்கொண்டு அளந்தீர்கள். அது தவறு, இன்ஸ்பெக்டர். பனியன் துணி தன் பாரத்திலேயே இழுபடும். தொங்கவிட்டு அளந்தால் நீளம் கூடும், அகலம் குறையும். மேசையில் விரித்து, சுருக்கத்தை உள்ளங்கையால் நீவிவிட்டு, இந்த அக்குளுக்கும் அந்த அக்குளுக்கும் நடுவே நாடாவை வைக்க வேண்டும். வருவதை இரண்டால் பெருக்க வேண்டும். அப்படிச் செய்திருந்தால் நாற்பத்தொன்றரை என்று எழுதியிருக்க மாட்டீர்கள். அது நாற்பத்திரண்டு. நான் வெட்டிய சட்டை, எனக்குத் தெரியும்.

முதலில் அதைத் திருத்திக்கொள்ளுங்கள். மற்றதை நானே சொல்கிறேன். என் மனைவியை வெளியே பெஞ்சில் உட்காரவைத்தது நல்லது. அவளுக்குத் தண்ணீர் கொடுக்கச் சொன்னதற்கும் நன்றி.

நீங்கள் கேட்டது நியாயமான கேள்வி. காணாமல்போன என் மகனுக்கு அளவு முப்பத்தெட்டு என்று புகாரில் இருக்கிறது. அவள் இன்று அலமாரியிலிருந்து எடுத்துவந்த அவனுடைய சட்டையோ நாலு இஞ்ச் அதிகமாக இருக்கிறது. எப்படி என்றீர்கள். பதினான்கு மாதமாக அவள் ஏறி இறங்கிய எந்த ஸ்டேஷனிலும் இதை யாரும் கேட்கவில்லை. நீங்கள் கேட்டீர்கள். வேலை தெரிந்தவர்களிடம் மறைப்பதில் அர்த்தமில்லை.

உடம்பின் அளவு வேறு, சட்டையின் அளவு வேறு. நாடாவை அக்குளுக்கு அடியில் கொடுத்து, மார்பின் அகன்ற இடத்தில் சுற்றி, இறுக்காமல் பிடித்தால் வருவது உடம்பு. அதே அளவில் சட்டை தைத்தால் மூச்சு விட முடியாது. உடம்புக்கும் துணிக்கும் நடுவே நாலு இஞ்ச் காற்று இருக்க வேண்டும். முப்பத்தெட்டு மார்புக்கு நாற்பத்திரண்டு சட்டை. எங்கள் வீட்டில் யாராவது "சைஸ் என்ன" என்று கேட்டால் உடம்பைத்தான் சொல்வோம். தொழிலில் ஊறிய வீடு, அப்படியே பழகிவிட்டது. புகார் எழுதும்போது என் மனைவியும் அப்படித்தான் எழுதியிருக்கிறாள்: டி-ஷர்ட் அளவு முப்பத்தெட்டு.

நாற்பது வருடமாக இந்தத் தொழில் செய்கிறேன். கம்பெனி ஆட்கள், பள்ளிக்கூட விளையாட்டுக் குழுக்கள் என்று எத்தனையோ ஆயிரம் பேரை அளந்திருக்கிறேன். ஒருமுறைகூட நாடாவில் இல்லாத எண்ணை வாயால் சொன்னதில்லை. இதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

லேபிள் விஷயம் வேறு. என் மகளுக்குக் கல்யாணம் நிச்சயமானபோது, இரண்டு குடும்பமும் ஒரே மாதிரி டி-ஷர்ட் போட்டுப் படம் எடுக்க வேண்டும் என்று மாப்பிள்ளைக்கு ஆசை. முதுகில் அவரவர் உறவுமுறை அச்சாகும். நானே தைத்துத் தருகிறேன் என்று சொல்லி அவர்கள் வீட்டுக்கு அளவெடுக்கப் போனேன்.

"எனக்கெல்லாம் நாடா வேண்டாம் அண்ணா. மீடியம்னு போட்டுக்குங்க" என்றார் சம்பந்தியம்மா.

"மீடியமா? பீரோவுக்கு உறை தைக்கிற துணி வேணும்டி உனக்கு" என்றார் அவர் கணவர்.

நான் சிரிக்கவில்லை. அளந்தேன், நாற்பத்தாறு வந்தது. அதற்குத் தகுந்தபடி வெட்டித் தைத்து, கழுத்தில் மீடியம் லேபிளை வைத்தேன். அந்த அம்மா போட்டுப் பார்த்துவிட்டுக் கணவரிடம் கழுத்தைத் திருப்பிக் காட்டினார். "பாத்தீங்களா? இப்ப என்ன சொல்றீங்க?" அன்று முழுவதும் அந்த வீடு கலகலப்பாக இருந்தது. அதற்குப் பெயர் பொய் இல்லை, மரியாதை. சட்டை பொருந்தினால் போதும், கழுத்துக்குப் பின்னால் என்ன எழுதியிருக்கிறது என்பது குடும்பத்தின் விஷயம்.

என் மகனுக்கும் அப்படித்தான் ஒரு லேபிள் வைத்தேன்.

அவன் இன்ஜினியரிங் படிப்பை மூன்றாம் வருடத்தில் விட்டுவிட்டு வந்தவன். மூட்டையைக் கூடத்தில் இறக்கிவைத்து, "எனக்கு வரலப்பா" என்றான். அவ்வளவுதான் விளக்கம். என் அப்பா, அவருடைய அப்பா, யாரும் ஊர் முன்னால் தலைகுனிந்ததில்லை. படிப்பை முடித்துவிட்டான், வெளிநாட்டில் வேலை என்று உறவினர்களிடம் சொன்னேன். சொன்ன பிறகு சிக்கலாகிவிட்டது. வெளிநாட்டில் இருப்பவன் எங்கள் வீட்டு பால்கனியில் துவைத்த துணியைக் காயப்போட முடியுமா? யார் கதவைத் தட்டினாலும் அவன் பின்னறைக்குப் போய்விட வேண்டும் என்று ஏற்பாடு. நான்கு மாதம் ஒழுங்காகப் போனான். பிறகு ஒரு நாள் பெண் பார்க்க வந்தவர்கள் மூன்று மணி நேரம் உட்கார்ந்துவிட்டார்கள். அவர்கள் போனதும் வெளியே வந்தவன், "அப்பா, நான் உண்மையிலேயே போயிடறேன்" என்றான். நான் தடுக்கவில்லை. இரண்டு பேருக்கும் அதுதான் சௌகரியம் என்று நினைத்தேன்.

வாரம் ஒருமுறை அம்மாவுக்குப் போன் செய்வானாம். அது நின்றதும் அவள் எனக்குத் தெரியாமல் போய்ப் புகார் கொடுத்திருக்கிறாள்.

கல்யாணத்துக்கு ஒன்பது நாள் இருக்கும்போது ஒரு காவலர் கடைக்கு வந்தார். நான் 'மச்சான்' என்று அச்சான சட்டையை மடித்துக்கொண்டிருந்தேன். அது என் மகனுக்கு உள்ளது. வெளிநாட்டுக்கு அனுப்பிவைக்கிறோம் என்று சம்பந்தி வீட்டில் சொல்லியிருந்தார்கள்.

"பெரியவரே, ஆஸ்பத்திரியில ஒருத்தர் கிடக்கார். பேரு ஊரு தெரியல. உங்க வீட்டம்மா குடுத்த கம்ப்ளெயின்ட்டோட வயசும் உயரமும் ஒத்துப்போகுது. ஒரு பார்வை பாத்துட்டு வந்துடுங்க."

"என்ன ஆச்சு அவருக்கு?"

"வீடு மாத்துற வேலை. மூணாவது மாடியிலேர்ந்து பீரோ இறக்கும்போது கயிறு விட்டுடுச்சு. கூட இருந்தவங்க ஆஸ்பத்திரி வாசல்ல போட்டுட்டு ஓடிட்டாங்க. ஒருத்தனப் புடிச்சுக் கேட்டா, 'இன்ஜினியர்'னு கூப்பிடுவோம் சார், பேரு தெரியாதுங்கறான். எந்தப் பீரோவ எந்தப் பக்கம் திருப்பினா படியில இறங்கும்னு கணக்காச் சொல்வாராம்."

நாடாவைக் கழுத்தில் போட்டுக்கொண்டே கிளம்பினேன். தெரிந்த வழியிலேயே ஆஸ்பத்திரியை விட்டு மூன்று தெரு தாண்டிப் போய்விட்டுத் திரும்பி வந்ததாக நினைவு.

தலையும் முகமும் முழுக்கக் கட்டு. வாயில் குழாய். மருந்து மயக்கத்தில் இருப்பதாகச் சொன்னார்கள். நர்ஸ் எனக்காகவே காத்திருந்தவர்போல் வேகமாகப் பேசினார்.

"உங்க ஆளா சார்? சொந்தக்காரங்க ஒரு கையெழுத்துப் போட்டா இப்பவே பெரிய ஆஸ்பத்திரிக்கு மாத்திடலாம். தலைக்குள்ள ரத்தம் கட்டியிருக்கு, இங்க அதுக்கு டாக்டர் இல்ல. யாருமே இல்லன்னா மேலிடத்துல உத்தரவு வாங்கணும். பத்து நாள் ஆயிடும். சீக்கிரம் பாத்துச் சொல்லுங்க."

காவலர் புகாரைப் படித்தார். வயது, உயரம், டி-ஷர்ட் அளவு. அடையாளம் என்ற இடத்தில் என் மனைவி 'அப்பா சாயல்' என்று எழுதியிருந்தாள். கட்டுக்கு மேல் சாயலை எங்கே பார்ப்பது?

கத்தரித்து எடுத்த சட்டையை ஒரு பையில் வைத்திருந்தார்கள். நான் மேசையில் விரித்தேன். லேபிள் இல்லை. வீட்டுக்குத் தைப்பவற்றுக்கு நான் லேபிள் வைப்பதில்லை. தோள் தையல் இழுபடாமலிருக்க உள்ளே துணிப்பட்டி கொடுத்திருந்தது. இந்த ஊரில் அப்படிக் கொடுப்பவன் நான் ஒருவன்தான். நீவிவிட்டு நாடாவை வைத்தேன். இருபத்தொன்று.

"இருபத்தொண்ணு. ரெட்டிச்சா நாப்பத்திரண்டு" என்றேன்.

காவலர் காகிதத்தைப் பார்த்தார். "இதுல முப்பத்தெட்டுன்னு இருக்கே."

"ஆமா."

"நாலு இஞ்ச் இடிக்குதே."

"இடிக்குது."

அந்த இடத்தில் நான் எதுவும் சேர்த்துச் சொல்லவில்லை. எதையும் மாற்றியும் சொல்லவில்லை. உடம்புக்கும் துணிக்கும் வித்தியாசம் தெரியாதது அவருடைய குறை.

நர்ஸ் விடவில்லை. "சட்டை இரவல் சட்டையா இருக்கலாம் சார். ஆளையே அளந்து பாருங்களேன்" என்றார்.

அளந்தேன். போர்த்தியிருந்த கம்பளியை விலக்கச் சொல்லவில்லை. கம்பளி, அதற்கடியில் மார்புக் கட்டு, இவற்றின் மேலாகவே நாடாவைச் சுற்றினேன். முதுகுக்கு அடியில் நாடாவைத் தள்ளியபோது அந்த ஆளின் முழங்கை ஒரு விரற்கடை உயர்ந்தது. பிறகு மூச்சை வெளியே விட்டு அப்படியே நிறுத்திக்கொண்டார். அளவு கொடுக்க வருகிறவர்கள் எல்லோரும் மூச்சை இழுத்து நெஞ்சை நிமிர்த்துவார்கள். விட்டுவிட்டு நிற்க வேண்டும் என்பது, ஐந்து வயதிலிருந்து என்னிடம் அளவு கொடுத்தவர்களுக்குத்தான் தெரியும்.

"பாருங்க, கையத் தூக்குறாரு. உங்களைத் தெரியுது அவருக்கு" என்றார் நர்ஸ்.

"நாடா பட்டா யாருமே தூக்குவாங்கம்மா" என்றேன்.

நாடா நாற்பத்திரண்டில் நின்றது. அதையே சொன்னேன். கம்பளியோடு ஏன் அளந்தேன் என்று யாரும் கேட்கவில்லை. "எங்க ஆள் இல்ல" என்று காவலர் நீட்டிய தாளில் கையெழுத்துப் போட்டேன். நாடாவை உருவும்போது அந்த ஆளின் விரல்கள் அதன் நுனியைப் பிடித்துக்கொண்டன. பலமான பிடி இல்லை. நாடா நைந்துவிடக் கூடாதே என்று ஒவ்வொரு விரலாக எடுத்தேன்.

வீட்டில் என் மனைவி வாசற்படியிலேயே நின்றிருந்தாள். காவலர் முதலில் அங்கேதான் போயிருக்கிறார்.

"என்னங்க, அவனா?"

"அளவு சேரல."

"நல்லாப் பாத்தீங்களா?"

"ரெண்டு தடவை."

"உங்க நாடா தப்பாது" என்று சொல்லிவிட்டு அப்படியே தரையில் உட்கார்ந்தாள். நிம்மதியில் அழுதாள்.

என்னைக் கல்நெஞ்சன் என்று எழுதிவிடாதீர்கள். நான் கணக்குப் போட்டுத்தான் செய்தேன். கல்யாணத்துக்கு ஒன்பது நாள், மேலிடத்து உத்தரவுக்குப் பத்து நாள். தாலி ஏறியதும் மறுநாள் போய், வயதான கண், அன்று சரியாகப் பார்க்கவில்லை என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டுவிடலாம். நாற்காலியில் தூக்கிவைத்தாவது வீட்டுக்குக் கொண்டுவந்துவிடலாம். அது நடக்கக்கூடிய காரியமாகவே எனக்குத் தோன்றியது. மாப்பிள்ளையின் மைத்துனன் பீரோ தூக்குகிறவன் என்று ஒன்பது நாளுக்கு முன்னால் தெரிந்தால், என் மகள் என்ன ஆவாள்? அவளும் என் பிள்ளைதானே.

இரண்டாம் நாளிலிருந்து கடைப் போனில் அந்த வார்டுக்குப் பேசினேன். "அந்தப் பேர் தெரியாதவர் எப்படி இருக்கார்?" என்பேன். "நீங்க யாரு பேசறது?" என்பார்கள். வைத்துவிடுவேன். அப்படி மூன்று முறை. ஐந்தாம் நாள் ஆஸ்பத்திரி வாசல்வரை போனேன். எதிரே இருந்த பஸ் நிறுத்தத்தில் காலையிலிருந்து மதியம்வரை நின்றேன். ஒரு கால் ரோட்டில், ஒரு கால் நடைபாதையில். வழியில் போன ஒருவர் கையைப் பிடித்து, "ரோட்டைத் தாண்டணுமா தாத்தா?" என்றுகூடக் கேட்டார். வேண்டாம் என்றேன். அப்போது சம்பந்தி போன் செய்து, நாளைக்குப் படம் எடுக்க எல்லோரும் எட்டு மணிக்குத் தயாராக இருக்க வேண்டும் என்றார். திரும்பிவிட்டேன்.

அந்தப் படம் எங்கள் கூடத்தில் மாட்டியிருக்கிறது. பதினேழு பேர். நடுவில் மாப்பிள்ளை 'மச்சான்' சட்டையை இரண்டு கையாலும் விரித்துப் பிடித்திருக்கிறார். "அடுத்த தடவை சட்டைக்குள்ள ஆளை வச்சு எடுப்போம் மாமா" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். என் மனைவியும் சிரித்தாள்.

பத்தாம் நாள் காலையில் முதல் ஆளாகப் போனேன். கட்டிலில் ஒரு வயதான அம்மா படுத்திருந்தார். அதே நர்ஸ்தான்.

"அவரா? ஆறாம் நாளே போயிட்டாரே. எண் போட்டுப் புதைச்சாச்சு." என் கழுத்தில் கிடந்த நாடாவைப் பார்த்தார். "நீங்கதானே அன்னிக்கு அளந்தது?"

"ஆமா."

"அப்புறம் இப்ப எதுக்கு வந்தீங்க?"

அன்றே பெரிய ஆஸ்பத்திரிக்கு மாற்றியிருந்தால் என்று மட்டும் கேட்டேன்.

"உயிரோட இருந்திருக்கலாம்" என்றார்.

வீட்டுக்கு வந்து ஒன்றும் சொல்லவில்லை. சொல்லியிருக்க வேண்டும் என்பீர்கள். எந்த வார்த்தையில் ஆரம்பிப்பது? ஒவ்வொரு மாதமும் அவள் ஒரு ஸ்டேஷனுக்குப் போவாள். அடையாளம் தெரியாத உடல் என்று பேப்பரில் வந்தால் வெட்டி எடுத்துக்கொள்வாள். என்னையும் கூப்பிடுவாள், நாடாவோடு. நானும் போய் அளந்திருக்கிறேன். யார் யாரோ. ஒவ்வொரு முறையும் "நம்ம ஆள் இல்ல" என்று சொல்லும்போது, அது ஒன்றாவது சத்தியமாக இருந்ததே என்று இருக்கும். வீட்டுக்கு வந்தபின் சாதத்தைப் பிசைய முடியாது. அவள் பார்க்கும்முன் எழுந்துவிடுவேன்.

எழுதிக்கொள்ளுங்கள். கட்டிலைப் பார்க்கும் முன்பே, பையிலிருந்த சட்டையைப் பார்க்கும் முன்பே, காவலர் "இன்ஜினியர்" என்றபோதே எனக்குத் தெரியும். தெரிந்துதான் கையெழுத்துப் போட்டேன்.

ஒரே ஒரு வேண்டுகோள். இதை அவளிடம் நீங்கள் சொல்லுங்கள், நான் வேறு அறையில் இருக்கிறேன். சம்பந்தி வீட்டுக்கு மட்டும் போக வேண்டாம். என் மகள் மாசமாக இருக்கிறாள். அவன் வெளிநாட்டில் நல்ல நிலையில் இருப்பதாகவே அவர்கள் இன்றும் நினைக்கிறார்கள். அன்று கட்டிலில் அவன் ஒரு வார்த்தை முனகியிருந்தால் எல்லாம் வெளியே வந்திருக்கும். வாயில் குழாய் இருந்ததால்தான் பேசவில்லை என்று நர்ஸ் சொல்வார், அதை நான் நம்பவில்லை. குடும்பத்தின் பெயரைக் காப்பாற்ற வேண்டும் என்றுதான் அவன் மூச்சை அடக்கிக்கொண்டான். அந்த ஒன்றில் அவன் என் மகன்தான்.